ராவணன் சபையில் கஞ்சிரா வாசித்த சிறுவன்

மலர்க் குழுவினர் ஒவ்வோர் ஆண்டும் என்னிடம் கேட்பது சீவக சிந்தாமணிக் கட்டுரைதான். "நயினார் ஐயா, இந்த வருஷம் எந்த இலம்பகம்?" என்று விழாவுக்கு மூன்று மாதம் முன்பே போன் வந்துவிடும். இந்த முறை இலம்பகம் வேண்டாம், வீணை பாலசந்தரைப் பற்றி எழுதுகிறேன் என்று நானே சொல்லிவிட்டேன். அதற்குக் காரணம் சென்ற ஆண்டு விழாவில் ஒரு தாய் என்னிடம் கேட்ட கேள்வி.

அவருடைய பையனுக்குப் பத்து வயது இருக்கும். கீபோர்டு வாசித்து அரங்கையே எழுப்பிவிட்டான். டி.வி. போட்டி ஒன்றிலும் வந்தவன். நிகழ்ச்சி முடிந்து சாப்பாட்டுப் பந்தியில் அந்தத் தாய் என் பக்கத்தில் வந்து, "அங்கிள், டி.வி.யில வந்துட்டான். எல்லாரும் பாராட்டறாங்க. இதுக்கப்புறம் என்ன பண்றதுன்னுதான் தெரியல" என்றார். "நல்லா சாதகம் பண்ணச் சொல்லும்மா" என்று ஒப்புக்கு ஒரு பதில் சொல்லிவிட்டு வந்தேன். ஆனால் கேள்வி என்னை விடவில்லை. குழந்தையாக மேடையில் நின்றவன் கலைஞனாக ஆவது எப்படி? ஆகாமல் போவது எப்படி? ஊகமாகப் பேசாமல், ஒருவரின் வாழ்க்கையை எடுத்து வைத்துக்கொண்டு பார்க்கலாம் என்று தோன்றியது.

எஸ். பாலசந்தர் 1927 ஜனவரி 18 அன்று சென்னையில் பிறந்தவர். மயிலாப்பூர்க் குடும்பம். தந்தை சுந்தரம் ஐயர் வழக்கறிஞர், இசைப் பைத்தியம். வித்வான்கள் வந்து போகும் வீடு அது. 1934-இல் வெளிவந்த 'சீதா கல்யாணம்' என்ற பேசும்படம் மராட்டிய நாட்டுக் கலைஞர்களின் உதவியோடு எடுக்கப்பட்டது. அதில் இந்தக் குடும்பமே நடித்தது. தந்தை ஜனகர். மூத்த மகன் ராஜம் ராமர். மகள் ஜெயலட்சுமி சீதை. அண்ணனும் தங்கையும் ராமர் சீதையாக நடிப்பதா என்று அந்தக் காலத்தில் முணுமுணுத்தவர்கள் உண்டு. பாபநாசம் சிவன் திரையுலகுக்கு வந்ததும் இந்தப் படத்தில்தான். பாலசந்தருக்கு ஆறேழு வயது. அவருக்குக் கிடைத்த வேஷம், ராவணன் சபையில் கஞ்சிரா வாசிக்கும் சிறுவன்.

இதை அவருடைய வாழ்க்கையைப் பற்றி எழுதுகிறவர்கள் ஒரு வேடிக்கைச் செய்தியாகச் சொல்லிவிட்டுத் தாண்டிவிடுவார்கள். நான் கொஞ்சம் நின்று பார்க்கிறேன். குழந்தை நட்சத்திரம் என்றால் நமக்கு நினைவுக்கு வருவது, பெரியவர்கள் பேச வேண்டிய வசனத்தை மழலையில் பேசும் பிள்ளை. இந்தப் பையனோ திரையில் செய்தது வீட்டில் தினமும் செய்துகொண்டிருந்ததைத்தான். கையில் கஞ்சிரா, தட்டத் தெரியும், தட்டினான். கதையின் நடுவில் ராமனும் சீதையும் இருக்க, ஓரத்தில் தாளம் போடும் வேலை. குழந்தைக்குத் தாங்கக்கூடிய அளவுப் புகழ் அது என்று நான் நினைக்கிறேன்.

அதற்குப் பிறகு நடந்ததுதான் முக்கியம். அவர் தானாகவே ஒவ்வொரு வாத்தியமாக எடுத்துப் பார்த்தார். தபலா, ஆர்மோனியம், சிதார். எதற்கும் குரு கிடையாது. பதினைந்து வயது வாக்கில் சென்னை வானொலி நிலையத்தில் பல வாத்தியங்கள் வாசிக்கும் கலைஞராகச் சேர்ந்தார். வானொலி என்பது என்ன? முகம் தெரியாத இடம். சினிமாவில் முகம் காட்டிய பையன், முகமே தேவைப்படாத ஓர் அறையில் உட்கார்ந்து சில ஆண்டுகள் வாசித்திருக்கிறார். கேட்கிறவனுக்கு இவர் சின்னப் பையன் என்பதும் தெரியாது, படத்தில் வந்தவர் என்பதும் தெரியாது. வாசிப்பு நன்றாக இருந்தால் கேட்பான், இல்லாவிட்டால் பெட்டியை மூடிவிட்டுப் போவான். "இந்த வயசிலேயே இப்படியா!" என்ற சலுகை அங்கே கிடையாது. நடிகச் சிறுவன் இசைக் கலைஞன் ஆனது அந்த அறையில்தான் என்பது என் துணிபு. அதன் பிறகே வீணைக்கு வந்தார். அதையும் தானே கற்றார்.

இவருக்கு ஒப்பிட நம் தென்னகத்திலேயே இன்னொருவர் இருக்கிறார். வீணை சிட்டிபாபு (1936-1996). அவரும் 1949-இல் வெளிவந்த 'லைலா மஜ்னு' தெலுங்குப் படத்தில் சிறுவனாக நடித்தவர். அவரும் வீணையில் பெரும்பெயர் பெற்றவர். 1964-இல் வந்த 'கலைக்கோயில்' படத்தில் நாம் கேட்ட வீணை அவருடையது. அதே 1964-இல் பாலசந்தர் 'பொம்மை' என்ற மர்மப் படத்தைத் தாமே தயாரித்து, இயக்கி, இசையமைத்து, நடித்தும் இருந்தார். ஜேசுதாசைத் தமிழில் பாடவைத்த படம் அது. இரண்டு குழந்தை நடிகர்கள், இரண்டு வீணைகள், ஒரே நகரம். வித்தியாசம் என்னவென்றால் சிட்டிபாபுவுக்கு ஈமனி சங்கர சாஸ்திரி என்ற குரு இருந்தார். பாலசந்தருக்குத் தம் காதே குரு. சிட்டிபாபுவின் வாசிப்பில் ஓர் இனிமை, கேட்பவரோடு உறவாடும் தன்மை. பாலசந்தரிடம் அது குறைவு. "நீ வேண்டுமானால் வா, நான் போகிறேன்" என்பது போல ராகத்துக்குள் போய்க்கொண்டே இருப்பார். எது உயர்வு என்று கேட்டால் நான் சமணன், அனேகாந்தம் பேசுகிறவன். இரண்டு பக்கமும் உண்மை உண்டு என்பேன். ஆனாலும் தனியாகப் போகிறவர் மேல் எனக்குக் கூடுதல் கவனம். அதற்குக் காரணம் பின்னால் வரும்.

முதலில் நான் பாலசந்தரை அறிந்தது வீணைக்காரராக அல்ல. வந்தவாசிப் பக்கத்துக் கிராமம் எங்களுடையது. பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டு முடித்துவிடும் வீடு. அதனால் டூரிங் டாக்கீசில் முதல் ஆட்டத்துக்கு மணல் குவித்து இடம் பிடிப்பதில் நயினார் வீட்டுப் பிள்ளைகளை யாரும் முந்த முடியாது! அப்படி ஒரு நாள் பார்த்த பழைய படம் 'அந்த நாள்'. 1954-இல் ஏ.வி.எம். தயாரிப்பில் பாலசந்தர் இயக்கியது. ஜாவர் சீதாராமன் எழுதியது. ஜப்பானியப் படமான 'ராஷோமான்' தந்த தூண்டுதலில் பிறந்தது. சிவாஜி கணேசன் ரேடியோ என்ஜினியர். படம் தொடங்கியதுமே சுடப்பட்டு விழுந்துவிடுவார். அவரைப் பற்றி ஒவ்வொருவரும் ஒவ்வொரு கதை சொல்லுவார்கள். படம் முழுக்க ஒரு பாட்டு கிடையாது, ஒரு நடனம் கிடையாது. "பாட்டு எப்பண்ணே வரும்?" என்று கடைசி வரை பக்கத்தில் இருந்த ஒரு வாண்டு கேட்டுக்கொண்டே இருந்தது எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. முதல் ஓட்டத்தில் படம் பணம் பண்ணவில்லை. பிறகு மத்திய அரசின் நற்சான்றிதழ் கிடைத்தது.

அந்தக் காலத்துத் தமிழ்ப் படத்தில் டஜன் கணக்கில் பாட்டு இருக்கும். அதை முழுக்க எடுத்தெறிந்தவர், பாட்டுத் தெரியாதவர் அல்லர். கஞ்சிரா முதல் வீணை வரை கை வைத்தவர், தம் படங்களுக்குத் தாமே இசையமைக்கக் கூடியவர். அவர்தான் பாட்டே வேண்டாம் என்றார். வெளியிலிருந்து பார்த்தால் முரண். எனக்கு அப்படித் தோன்றவில்லை. எந்த இடத்தில் சப்தம் வேண்டாம் என்று சொல்லும் துணிச்சல், சப்தத்தை நன்றாக அறிந்தவனுக்குத்தான் வரும்.

இந்த இடத்தில் என் தொழிலைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். ராய்ப்பூரில் எனக்குப் பாத்திரக் கடை. 1979-இல் மாமாவின் கடையில் சேர்ந்தபோது அவர் எனக்குச் சொல்லிக்கொடுத்த முதல் பாடம், பாத்திரத்தைத் தட்டிப் பார்ப்பது. வெண்கலத்தை விரலால் ஒரு தட்டுத் தட்டி, காதருகில் வைத்து, நாதம் அடங்கும் வரை காத்திருக்க வேண்டும். "தட்டற சத்தத்தைக் கேக்காதேடா, தேயற சத்தத்தைக் கேளு" என்பார். கீறல் இருந்தால் தட்டும்போது தெரியாது. தேயும்போது சொல்லிவிடும்.

பாலசந்தர் வீணையை நான் நேரில் கேட்டது ஒரே முறை, எழுபதுகளின் கடைசியில், சென்னையில் ஒரு மார்கழிக் கச்சேரியில். அப்போது எனக்குச் சங்கீதம் தெரியாது. மாமா சொல்லித்தந்த காதை மட்டும் வைத்துக்கொண்டு கேட்டேன். பிறகு இசைத்தட்டுகள், கேசட்டுகள் என்று தேடிப் பிடித்துக் கேட்டபோதுதான் புரிந்தது. வீணையில் 24 மெட்டுகள். ஒவ்வொரு ஸ்வரத்துக்கும் விரல் அடுத்த மெட்டுக்குப் போகலாம். அல்லது ஒரே மெட்டில் நின்று தந்தியைப் பக்கவாட்டில் இழுத்து மேல் ஸ்வரங்களைப் பிறப்பிக்கலாம். இரண்டாவது வழியைப் பாலசந்தர் எல்லையில் கொண்டுபோய் நிறுத்தினார். ஒரு மீட்டு. அவ்வளவுதான். அந்த நாதம் தேய்ந்துகொண்டிருக்கும்போதே தந்தியை இழுத்தும் தளர்த்தியும் ஒரு முழுச் சங்கதியைப் பாடவைத்துவிடுவார். மற்றவர்களுக்கு மீட்டிய சப்தம் பொருள். இவருக்கு அது தேய்வதுதான் பொருள். இதில் ஆபத்து உண்டு. விரல் ஓர் இழை தப்பினாலும் ஸ்ருதி போய்விடும். ஓசை முழுக்க அடங்கிய பின் இழுத்தால் விரல் மட்டும் அசையும், காதுக்கு ஒன்றும் வராது. அந்த விளிம்பில்தான் அவர் எப்போதும் உட்கார்ந்திருக்கிறார்.

சிந்தாமணியில் சீதத்தன் என்ற வணிகன் தன்னிடம் வளரும் காந்தருவதத்தைக்காக யாழ்ப் போட்டி அறிவிக்கிறான். சீவகன் வந்து, கொடுத்த யாழ்களை உடனே வாசித்துவிடுவதில்லை. மரத்தின் குற்றம் ஒவ்வொன்றையும் சொல்லி ஒதுக்குகிறான். திருத்தக்கதேவர் வாசிப்புக்கு முன்னால் இந்தச் சோதனையை ஏன் வைத்தார் என்று பல ஆண்டு யோசித்திருக்கிறேன். எதை ஒதுக்க வேண்டும் என்று தெரிந்தவனே வாசிக்கத் தகுந்தவன் என்பது என் விடை. பாலசந்தரும் ஒதுக்கிக்கொண்டே வந்தவர்தான். படத்திலிருந்து பாட்டை ஒதுக்கினார். 1970-இல் 'நடு இரவில்' வந்த பிறகு படத்தையே ஒதுக்கிவிட்டு வீணையோடு உட்கார்ந்தார். எழுபத்திரண்டு மேளகர்த்தா ராகங்களையும் வாசித்து இசைத்தட்டுகளாக்கினார். இவற்றில் 40 மேளங்கள் விவாதி மேளங்கள், பாடினால் தோஷம் என்று பலர் தொடவே அஞ்சியவை. அந்தப் படத்தில் ராமராக நடித்த அண்ணன் ராஜமும் பின்னாளில் விவாதி ராகங்களைப் பாடிப் பரப்புவதில் முன்னின்றார். ஓவியராகவும் புகழ்பெற்று 2010-இல் மறைந்தார். 1982-இல் பாலசந்தருக்குப் பத்மபூஷண் கிடைத்தது.

இதுவரை புகழ்ச்சி. இனிக் குறை சொல்ல வேண்டும். குறை சொல்லாத கட்டுரை விமர்சனம் ஆகாது, வாழ்த்து மடல் ஆகிவிடும்.

முதல் குறை வாசிப்பில். ஆலாபனையிலும் தானத்திலும் அவர் கடல். கிருதிக்கு வரும்போது, சாகித்தியத்தின் சொற்கள் எங்கே பிரிகின்றன, எங்கே மூச்சு விடுகின்றன என்ற அக்கறை சில இடங்களில் எனக்குக் கேட்கவில்லை. குருவிடம் பாடம் கேட்டவனுக்குச் சொல்லோடு சேர்ந்துதான் ஸ்வரம் வரும். தானே கற்றவனுக்கு ராகம் முதலில் வந்து, சொல் பின்னால் வரும். அதன் அடையாளம் அது.

இரண்டாவது குறை மனத்தில். எங்கள் ஆகமம் குரோதம், மானம், மாயை, லோபம் என்று நான்கு கஷாயங்களைச் சொல்லும். பாலசந்தர் பாட்டை விட்டார், படத்தை விட்டார். மானத்தை, அதாவது செருக்கை, விடவே இல்லை. எண்பதுகளில் பாலமுரளிகிருஷ்ணாவின் புதிய ராகங்களைப் பற்றியும், சுவாதித் திருநாள் பெயரில் வழங்கும் கீர்த்தனைகளைப் பற்றியும் அவர் எழுப்பிய சர்ச்சைகள் இசையுலகம் அறிந்தவை. யார் பக்கம் நியாயம் என்று தீர்ப்புச் சொல்ல நான் ஆளில்லை. அந்த ஆண்டுகளின் உழைப்பில் எவ்வளவு வீணைக்குப் போயிருக்கலாம் என்பதே என் வருத்தம்.

இப்படி எழுதிவிட்டேனே தவிர, அந்தச் செருக்கை என்னால் முழுக்கப் பழிக்கவும் முடியவில்லை. பல ஆண்டுகளுக்கு முன் ஒரு கருத்தரங்கில் சிந்தாமணியைப் பற்றி ஒரு கட்டுரை வாசித்தேன். முடிந்ததும் ஓர் அறிஞர், "தாங்கள் எந்தப் பல்கலைக்கழகம்?" என்று கேட்டார். "பாத்திரக் கடைங்க" என்றேன். அரங்கம் சிரித்தது. அன்று இரவு லாட்ஜில் உட்கார்ந்து பன்னிரண்டு பக்கம் மறுப்பு எழுதி மறுநாளே தபாலில் போட்டேன். பதில் வரவில்லை. அடுத்து எழுதிய கட்டுரையை என் மனைவி படித்துவிட்டு, "இதுல சீவகன் எங்கங்க இருக்கான்? அந்த மனுஷரோட சண்டைதானே இருக்கு" என்றாள். குரு பெயர் சொல்ல இல்லாதவனுக்குச் செருக்கு ஓர் ஊன்றுகோல். அது இல்லாமல் மேடை ஏற முடியாது. ஏறிய பிறகு அதைக் கீழே வைக்கத் தெரியாவிட்டால் அதுவே காலைத் தட்டும். பாலசந்தரைக் குறை சொல்லும்போது என் கன்னத்திலும் கை வைத்துக்கொண்டுதான் சொல்கிறேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இது நம் சங்கத்துப் பழைய உறுப்பினர்களுக்குத் தெரியும். என் மகள் ஏழு வயதில் இதே சங்க மேடையில் ஏறியவள். தஞ்சாவூரிலிருந்து வீணை தருவித்துக் கொடுத்தேன். பன்னிரண்டு வயதுக்குள் பிலாய், நாக்பூர், ஜபல்பூர் என்று எத்தனையோ மேடை. ரயிலில் வீணையை மடியில் வைத்துக்கொண்டு நான் விழித்திருப்பேன், அவள் தூங்குவாள். பதினைந்தாவது வயதில் உறை போட்டு மூடிவிட்டாள். அதட்டினேன், கெஞ்சினேன். அவள் சொன்னது இதுதான்: "புதுசா ஒண்ணு கத்துக்க எனக்கு நேரமே குடுக்கலியேப்பா. அதே நாலு பாட்டைத்தானே அஞ்சு வருஷமா வாசிக்கிறேன்." அன்று எனக்குக் கோபம் வந்தது. பாலசந்தரின் வானொலி ஆண்டுகளைப் பற்றி யோசித்தபோதுதான் அவள் சொன்னதன் பொருள் தெரிந்தது. ஏழு வயதில் கைதட்டு வாங்கித் தந்தேன். யாரும் பார்க்காத நாலு வருஷத்தை வாங்கித்தர எனக்குத் தோன்றவில்லை.

ஆகவே அந்தத் தாய்க்கு இப்போது என் பதில்: "அம்மா, பையன் முகம் யாருக்கும் தெரியாத ஓர் இடத்தைத் தேடிக் கொடுங்கள். தப்பாக வாசிக்கட்டும். கீபோர்டை வைத்துவிட்டு மிருதங்கம் தட்டட்டும். இந்த வருஷம் விழாவில் வாசிக்கவில்லையா என்று நாங்கள் கேட்டால், இல்லை என்று சொல்லுங்கள்."

சங்கத்துக்கும் ஒரு விண்ணப்பம். 'இளம் மேதை' கோப்பையை நிறுத்திவிடலாம். அந்தப் பணத்தில் ஆண்டுக்கு ஒரு முறை, நம் வீட்டுப் பிள்ளைகளில் இருபது வயது தாண்டியும் விடாமல் கற்றுக்கொண்டிருக்கும் ஒருவருக்கு இரண்டு மணி நேரக் கச்சேரி கொடுப்போம். ஆள் கிடைக்காவிட்டால் அந்த ஆண்டு மேடை சும்மா இருக்கட்டும். ஏன் கிடைக்கவில்லை என்று உட்கார்ந்து யோசிப்போம்.

'அந்த நாள்' திரைக்கு வந்தது 1954 ஏப்ரல் 13, தமிழ்ப் புத்தாண்டுக்கு முதல் நாள். முப்பத்தாறு ஆண்டு கழித்து, 1990-இல், அதே ஏப்ரல் 13 அன்று பாலசந்தர் காலமானார். காலமான ஊர் பிலாய். இங்கிருந்து முப்பது கிலோமீட்டர். சத்தீஸ்கர் என்ற மாநிலமே அப்போது பிறக்கவில்லை. புத்தாண்டு வியாபாரத்துக்காக நான் கடையில் குடமும் தாம்பாளமும் அடுக்கிக்கொண்டிருந்தேன். எனக்குச் செய்தி தெரிந்தது இரண்டு நாள் கழித்துப் பத்திரிகையில்தான். இவ்வளவு பக்கத்தில் இருந்தும் போய் ஒரு வணக்கம் சொல்லவில்லையே என்ற குறை எனக்கு இன்றும் உண்டு. இந்தக் கட்டுரை அந்தக் கடனில் கொஞ்சம்.

என் மகளுக்கு இப்போது நாற்பதை நெருங்குகிறது. புனேயில் இருக்கிறாள். போன தீபாவளிக்கு வந்தவள் பரணிலிருந்து வீணையை இறக்கச் சொன்னாள். மெழுகு உலர்ந்து மெட்டுகள் ஆடிக்கொண்டிருந்தன. சரிபண்ண ஆள் தேடிக்கொண்டிருக்கிறோம். யாருக்காவது இந்தப் பக்கத்தில் வீணை பழுது பார்ப்பவரைத் தெரிந்தால் கடைக்கு வந்து சொல்லுங்கள். சரியானதும் அவள் வாசிப்பாளா என்று நான் கேட்கவில்லை. கேட்கவும் மாட்டேன்.